ஒரே தொட்டித் தண்ணீர்

என் மகனும் என் கொழுந்தன் மகனும் ஒரே வருஷத்தில் பிறந்தவர்கள். என் பிள்ளை சித்திரையில், அவன் ஐப்பசியில். மூத்தவன் என் பிள்ளை. அப்படியிருக்க, அவர்களுக்கு ஐந்து வயது நடக்கும்போது, மாடியில் இருந்த கொழுந்தன் மகனுக்குச் சின்னதாகிப்போன சட்டைகள் கீழே என் பிள்ளைக்கு இறங்கி வரத் தொடங்கின.

என் ஓரகத்தி அவற்றைத் துவைத்து, தேய்த்து, ஒரு துணிப்பையில் போட்டு எடுத்து வந்தாள்.

“எக்கா, இதெல்லாம் அவனுக்குப் பத்தல. நாலஞ்சு தடவதான் போட்டிருப்பான். நம்ம பிள்ளைக்கு ஆகும்லா?”

அவள் மனதில் ஒன்றும் இல்லை. அது எனக்குத் தெரியும். தெரிந்ததால்தான் இன்னும் எரிந்தது. சிரித்துக்கொண்டே பையை வாங்கி வைத்தேன். அவள் படியேறிப் போனதும் ஒரு சட்டையை எடுத்து என் பிள்ளைக்குப் போட்டுப் பார்த்தேன். அதுவும் தோளில் நிற்காமல் வழிந்தது.

தூத்துக்குடியில் எங்கள் வீடு கொஞ்சம் தாழ்வான பக்கம் இருக்கிறது. கீழே நாங்கள், மாடியில் கொழுந்தன் குடும்பம். அண்ணனும் தம்பியும் சேர்ந்து துறைமுகத்துக்குப் போகிற சாலையில் கடை வைத்திருக்கிறார்கள். கப்பலுக்குக் காய்கறி, கயிறு, பெயிண்ட் என்று கேட்டதை எல்லாம் ஏற்றிவிடும் வியாபாரம். அவர்களுக்குள் ஒரு நாளும் சண்டை வந்ததில்லை. எங்களுக்குள்ளும் சண்டை என்று ஒன்று வந்ததில்லை. சண்டை போட்டிருந்தாலாவது எனக்குக் கொஞ்சம் ஆறியிருக்கும்.

நான் விளாத்திகுளத்துக்காரி. மழையை நம்பி விதைக்கிற வீட்டில் பிறந்து, பன்னிரண்டாம் வகுப்போடு படிப்பை நிறுத்திக் கல்யாணம் ஆகி வந்தவள். என் ஓரகத்தி நாசரேத் பக்கம். அப்பா, அம்மா இரண்டு பேரும் பள்ளிக்கூட வாத்தியார்கள். அவளும் கணக்கில் பட்டம் வாங்கியவள். வந்த புதிதிலேயே ஸ்கூட்டர் ஓட்டிக்கொண்டு மார்க்கெட்டுக்குப் போனாள். மாடியில் டியூஷன் ஆரம்பித்தாள். தெருப் பிள்ளைகள் எல்லாம் அவளை மிஸ் என்று கூப்பிட்டார்கள். நான் அதே தெருவில் அவளுக்கு முன்னால் வந்தவள். என்னை யாரும் எதுவும் கூப்பிட்டதில்லை, “கீழ்வீட்டு அக்கா” என்பதைத் தவிர.

இதையெல்லாம்கூடப் பொறுத்துக்கொண்டேன். பிள்ளை விஷயத்தில்தான் முடியவில்லை.

அந்த மார்கழியில் பெய்த மழையைப் பற்றி எங்கள் ஊரில் யாருக்கும் சொல்ல வேண்டியதில்லை. கடல் பக்கத்திலேயே இருந்தும் தெருவில் நின்ற தண்ணீருக்குக் கடலுக்குப் போக வழி தெரியவில்லை. எங்கள் முற்றத்தில் முட்டளவு ஏறி, பிறகு வீட்டுக்குள் வந்தது. அரிசிப் பானையையும் கட்டில் மெத்தையையும் தூக்கிக்கொண்டு நாங்கள் மாடிக்குப் போனோம். தண்ணீர் வடிகிறவரை அங்கேதான் இருந்தோம்.

அந்த நாட்களில் அவள் வீட்டை முதன்முறையாக முழுசாகப் பார்த்தேன். மளிகை டப்பாக்களில் எழுதி ஒட்டியிருந்தது. மெழுகுவர்த்தி எங்கே, தீப்பெட்டி எங்கே என்று தேட வேண்டியதே இல்லை. இருந்த உருளைக்கிழங்கையும் வெங்காயத்தையும் வைத்து அவள் ஒரு குழம்பு வைத்தாள். என் வீட்டுக்காரர் இரண்டாம் தடவை சோறு வாங்கிக்கொண்டு, “இருக்கத வச்சு என்ன ருசியா வச்சிருக்கா பாத்தியா?” என்று என்னிடமே சொன்னார். வெளியே தெரு முழுக்கச் சாக்கடை கலந்த தண்ணீர். மீட்பு வேலைக்கு வந்த படகு வாசலைத் தாண்டிப் போனது. எனக்கு அந்தக் குழம்புதான் தொண்டையில் நின்றது.

தண்ணீர் வடிந்ததும் ஆளாளுக்குத் துடைப்பத்தைத் தூக்கினோம். எங்கள் முற்றத்துக்கு அடியில் ஒரு கீழ்த்தொட்டி இருக்கிறது. மாநகராட்சிக் குழாய்த் தண்ணீர் அதில் வந்து விழும். அதை மோட்டார் போட்டு மொட்டைமாடித் தொட்டிக்கு ஏற்றுவோம். கீழ்வீட்டுக்கும் மாடிக்கும் எல்லாவற்றுக்கும் அந்தத் தண்ணீர்தான். வெள்ளத்தில் அதன் மூடி மூழ்கியிருந்தது. என் வீட்டுக்காரர் மோட்டார் வைத்து இறைத்தார், சேற்றை அள்ளினார், பிளீச்சிங் பவுடர் போட்டார். குழாயில் தண்ணீர் வந்ததும் தொட்டி நிறைந்தது. வேலை முடிந்தது என்று நினைத்தோம்.

பொங்கல் கழிந்து பள்ளிக்கூடம் திறந்த பிறகுதான் என் பிள்ளைக்கு ஆரம்பித்தது. காலையில் எழுந்ததும் வயிற்றைப் பிடித்துக்கொள்வான். போவது தண்ணீராகவும் இல்லை, கட்டியாகவும் இல்லை. வெளுத்து, எண்ணெய்ப் பிசுக்காக மிதக்கும். எத்தனை தண்ணீர் ஊற்றினாலும் போகாது. அந்த நாற்றம் குளியலறையை விட்டு வெளியே வந்து அடுக்களைவரை நிற்கும். ஏப்பம் விட்டால் அழுகின முட்டை வாடை. காய்ச்சல் இல்லை, ரத்தம் இல்லை. அதனால் நாங்கள் பெரிதாகப் பயப்படவில்லை. பக்கத்து மருந்துக்கடையில் கேட்டு ஏதோ வாங்கிக் கொடுத்தேன். நின்றது. அடுத்த வாரம் மறுபடி வந்தது.

இப்படியே போகும், வரும். போகும், வரும். நடுவில் பள்ளிக்கூடத்தில் எல்லாப் பிள்ளைகளுக்கும் பூச்சி மாத்திரை கொடுத்தார்கள். இனிச் சரியாகிவிடும் என்று இருந்தேன். ஆகவில்லை. கை கால் மெலிந்து, வயிறு மட்டும் உப்பி நின்றது. வகுப்பில் மேசையில் தலைசாய்த்துத் தூங்குகிறான் என்று டீச்சர் சொல்லியனுப்பினார்.

மாடியில் இருந்தவனோ கன்னம் பிதுங்க, தொடை உரச, படியில் திடுதிடுவென்று இறங்கி வருவான். “பெரியம்மா, என்ன தின்ன இருக்கு?” என்று நேரே என் அடுக்களைக்குள் நுழைவான். நல்ல பிள்ளை. அவனுக்குத் தோசை சுட்டுப் போட்டுக்கொண்டே அவன் கையைப் பார்ப்பேன். மணிக்கட்டில் மடிப்பு விழுந்திருக்கும். என் பிள்ளையின் மணிக்கட்டில் எலும்பு எழுந்து நிற்கும். அவன் மேல் எனக்குக் கோபம் கிடையாது. அவன் அம்மாவின் மேல்தான். அவள் எப்படி இவனை இப்படி வளர்க்கிறாள்? நான் என்ன குறைவாகச் செய்கிறேன்?

வீட்டுக்கு வருகிறவர்கள் எல்லோரும் ஒரே மாதிரி பேசினார்கள். இரண்டு பிள்ளைகளையும் பக்கத்தில் நிறுத்திப் பார்த்துவிட்டு, “இவன் ஏன் இப்படி இருக்கான்? ஒழுங்காச் சாப்பாடு குடுக்கியாளா?” என்பார்கள். மாடிக்குப் போய் அங்கே காபி குடித்துவிட்டு இறங்கும்போது, “அவ கைப்பக்குவம் அப்படி” என்பார்கள். ஒரு கல்யாண வீட்டில் என்னைத் தெரியாத ஒருத்தி, என் பிள்ளையை என் ஓரகத்தியின் இளைய மகன் என்றே நினைத்து அவளிடம் விசாரித்தாள். அன்றைக்கு நான் சாப்பிடாமல் வந்துவிட்டேன்.

என் பிள்ளையைத் தேற்றிக் காட்டுகிறேன் என்று கங்கணம் கட்டிக்கொண்டேன். காலையில் பால், சாயந்தரம் பால், படுக்கும்போது பால். சத்து மாவு போட்டுக் கெட்டியாக ஆற்றிக் கொடுப்பேன். நெய்யை ஊற்றிச் சோறு பிசைவேன். எங்கள் ஊர் முந்திரி மக்ரூன் கேட்டால் பாக்கெட்டோடு வாங்கிக் கொடுப்பேன். கொடுக்கக் கொடுக்க வயிறு ஊதியது. பால் குடித்த அரை மணி நேரத்தில் ஓடுவான். அழுதுகொண்டே, “பால் வேண்டாம்மா” என்பான். “மாடில உள்ளவன் குடிக்காம்லா, ஒனக்கு மட்டும் என்ன?” என்று மூக்கைப் பிடித்து ஊற்றியிருக்கிறேன்.

அந்தச் சமயத்தில்தான் மாடியில் அவள் தண்ணீர் சுத்திகரிக்கிற மெஷின் ஒன்றை வாங்கி அடுக்களைச் சுவரில் மாட்டினாள். நாங்கள் குழாய்த் தண்ணீரைத் துணியில் வடிகட்டிக் குடத்தில் வைத்துக் குடிக்கிறவர்கள். மெஷினைப் பார்த்ததும் எனக்கு எல்லாம் விளங்கிவிட்டது மாதிரி இருந்தது. இதனால்தான் அவன் கொழுக்கிறான்! அவன் அதற்கு முன்னாலேயே கொழுத்துத்தான் இருந்தான் என்பது எனக்கு அப்போது தோன்றவில்லை.

“நமக்கும் வேணும்” என்றேன் வீட்டுக்காரரிடம்.

“மாடில போயி ஒரு குடம் புடிச்சுக்கோயேன். நம்ம வீடுதான.”

“அவ வீட்டுத் தண்ணி எனக்கு வேண்டாம்.”

ஒரு வாரம் முகம் கொடுத்துப் பேசவில்லை. அவர் வாங்கி மாட்டினார், மாடியில் இருந்ததைவிடப் பெரியதாக. அதிலிருந்து பிடித்த முதல் டம்ளர் தண்ணீரை என் பிள்ளைக்குக் கொடுத்தபோது, ஏதோ ஜெயித்துவிட்டவள் மாதிரி நின்றேன். பத்து நாள் கழித்து அவனுக்கு மறுபடி போனது, முன்னைவிட மோசமாக.

அதற்குமேல் என்னால் தாங்க முடியவில்லை. மருந்துக்கடையை விட்டுவிட்டுக் குழந்தை டாக்டரிடம் கூட்டிப்போனேன். டாக்டரம்மா சின்ன வயதுக்காரர். அவனை எடை மேடையில் நிறுத்தினார். முள்ளைப் பார்த்துக் குறித்துக்கொண்டார். நான் எதிர்பார்த்தது டானிக். அவர் கேட்டதெல்லாம் மலத்தைப் பற்றி. என்ன நிறம், மிதக்குமா, ஒட்டுமா, நாற்றம் எப்படி, ஏப்பம் எப்படி. இப்படி ஒருவர் கேட்பார் என்று நான் நினைக்கவே இல்லை. வெட்கத்தோடு ஆரம்பித்து, பிறகு கொட்டித் தீர்த்துவிட்டேன்.

“மோஷன் டெஸ்ட் எடுப்போம். ஒரு தடவை இல்லை, வேற வேற நாள்ல மூணு தடவை. நான் நினைக்கிறது சரியா இருந்தா, அது எல்லா நாளும் வெளியே தெரியாது” என்றார்.

முதல் தடவை ஒன்றும் இல்லை என்று வந்தது. அடுத்த தடவையில் அகப்பட்டது. ஜியார்டியா என்று டாக்டரம்மா பெயரைச் சொன்னார். நான் நெளிகிற புழு என்று நினைத்தேன். அவர் இல்லையென்று தலையாட்டினார்.

“புழு இல்லம்மா. கண்ணுக்கே தெரியாத ஒட்டுண்ணி. சின்னக் குடல் சுவர்ல அப்பிக்கிட்டு உக்காந்துக்கும். சாப்பாட்டுல இருக்கிற கொழுப்பும் சத்தும் உள்ளே போகாது, அப்படியே வெளியே வந்துரும். அதான் எண்ணெயா மிதக்குது. நீங்க எவ்வளவு போட்டாலும் பிள்ளைக்கு ஒட்டலைன்னா இதனாலதான்.”

“பள்ளிக்கூடத்துல பூச்சி மாத்திரை குடுத்தாவளே.”

“அது புழுவுக்கு. ஒரு வேளை மாத்திரைக்கு இது போகாது. இதுக்கு மருந்து வேற. அப்புறம், பால் குடுக்கிறீங்களா?”

குடுக்கிறேன் என்றேன். எவ்வளவு என்று கேட்டார். சொன்னேன். “குடல் புண்பட்டுக் கிடக்குது. இப்போ பாலைச் செரிக்க அதுக்குத் தெம்பு இல்லை. சில வாரம் நிறுத்துங்க. மோர் கொஞ்சமாக் குடுக்கலாம்” என்றார். பிள்ளை என் பக்கம் திரும்பி என் முகத்தைப் பார்த்தான். நான் அவன் தலைமுடியைக் கோதிவிட்டேன்.

“மெஷின் தண்ணிதான் குடிக்கான் டாக்டர். பெரிய மெஷின்” என்றேன். அதையாவது சொல்லிவிட வேண்டும் என்று இருந்தது.

“பல்லு எந்தத் தண்ணியில தேய்க்கிறான்?”

குழாயில்.

“குளிக்கும்போது வாயில ஊத்தி விளையாடுவானா? திராட்சை, வெள்ளரிக்காய் எல்லாம் எதுல கழுவுறீங்க? தட்டு, டம்ளர்?”

எல்லாம் குழாயில்தான். அந்தக் குழாய்க்குத் தண்ணீர் கீழ்த்தொட்டியில் இருந்து வருகிறது. தொட்டி வெள்ளத்தில் மூழ்கியது என்றேன், பிளீச்சிங் பவுடர் போட்டோம் என்றும் சேர்த்துக்கொண்டேன். இது மலத்தோடு வெளியே வரும்போது ஒரு கெட்டி ஓட்டுக்குள் அடங்கி வரும், நாம் சாதாரணமாகப் போடுகிற பவுடருக்கு லேசில் சாகாது, தண்ணீரில் வாரக்கணக்கில் உயிரோடு கிடக்கும் என்றார். கொதிக்கவைத்தால் செத்துப்போகும். தளதளவென்று கொதி வந்த பிறகும் கொஞ்ச நேரம் அடுப்பிலேயே விட வேண்டும்.

“வெளிக்குப் போயிட்டு வந்ததும் சோப்புப் போட்டுக் கை கழுவணும். பாட்டில்ல விக்கிற சானிடைசர் இதுக்குப் போதாது. நகத்தை ஒட்ட வெட்டுங்க. முக்கியமா, அந்தத் தொட்டித் தண்ணியில இருக்கிற எல்லாரும் டெஸ்ட் பண்ணணும். வீட்டுல யார் யார்?”

மாடியைச் சொல்ல வேண்டியிருந்தது. வீட்டுக்குத் திரும்புகிற ஆட்டோவில் எனக்கு அந்த நினைப்புதான். படியேறிப் போய், என் பிள்ளையின் மலத்தில் பூச்சி, உன் பிள்ளையையும் பார்க்க வேண்டுமாம் என்று அவளிடம் சொல்ல வேண்டும். அவள் வீட்டில் ஒன்றும் இருக்காது. எழுதி ஒட்டின டப்பாக்களுக்கு நடுவில் அவள் என்னைப் பாவமாகப் பார்ப்பாள்.

சொன்னேன். அவள் டியூஷன் பிள்ளைகளை வெளியே போய் விளையாடச் சொல்லிவிட்டு என் பக்கத்தில் உட்கார்ந்தாள். “அய்யோ, பாவம் பிள்ள. இத்தன மாசமா இதையா வச்சுக்கிட்டுத் திரிஞ்சான்?” என்றாள். பிறகு, “நாளைக்கே குடுத்துருவோம் எக்கா. டப்பா எங்க வாங்கணும்?” என்றாள். அவ்வளவுதான்.

அடுத்த சில நாளில் எல்லோருடைய முடிவுகளும் வந்தன. பெரியவர்கள் நாலு பேருக்கும் ஒன்றும் இல்லை. அவள் மகனுக்கு இருந்தது. அதே ஜியார்டியா.

அந்த நிமிஷம் எனக்கு உள்ளுக்குள் எப்படி இருந்தது என்று சொல்லிவிடுகிறேன். சந்தோஷமாக இருந்தது. லேப் வாசலில் வெயிலில் நின்றுகொண்டிருந்தோம். அவள் காகிதத்தைத் திரும்பத் திரும்பப் பார்த்துக்கொண்டிருந்தாள். நான் அவள் தோளில் கை வைத்து, “பயப்படாதளா, மருந்து இருக்கு” என்றேன். என் குரல் எனக்கே இனித்தது.

டாக்டரம்மாவிடம் இரண்டு பேரும் ஒன்றாகப் போனோம். இரண்டு பிள்ளைகளும் பக்கத்துப் பக்கத்து நாற்காலியில் காலை ஆட்டிக்கொண்டிருந்தார்கள். ஒருவன் நாற்காலி நிறைய, இன்னொருவன் நாற்காலியில் பாதி.

“இவனுக்கு ஒரு நாள்கூட வயித்தால போனதில்லையே டாக்டர்” என்றாள் அவள்.

“சில பேருக்கு அப்படித்தான். உள்ளே இருக்கும், ஒண்ணும் செய்யாது. ஆனா அவங்ககிட்ட இருந்து மத்தவங்களுக்குப் போகும்.”

என் சந்தோஷம் அதோடு வடிந்துவிட்டது. ஒரே பூச்சி. என் பிள்ளையை அது உறிஞ்சிப் போட்டது. அவள் பிள்ளையை ஒன்றும் செய்யாமல் சும்மா குடியிருந்தது. பூச்சிகூட அவளுக்கு அனுசரணையாக இருந்திருக்கிறது! “அதெப்படி டாக்டர், அவன் மட்டும் கொழுகொழுன்னு இருக்கான்?” என்று கேட்டேவிட்டேன். டாக்டரம்மா, “உடம்புக்கு உடம்பு வித்தியாசம்மா. அதுக்கு நாம ஒண்ணும் பண்ண முடியாது” என்றார்.

பக்கத்தில் என் ஓரகத்தி அழுதுகொண்டிருந்தாள். நான் கவனிக்கவே இல்லை.

“அப்போ எம்பிள்ளட்ட இருந்துதான் இவனுக்குப் போச்சா?” என்று கேட்டாள்.

“யார்கிட்ட இருந்து யாருக்குன்னு இப்போ சொல்ல முடியாது. ரெண்டு பேருக்கும் தண்ணியில இருந்தே வந்திருக்கலாம். ரெண்டு பேருக்கும் ஒரே நேரத்துல மருந்து குடுங்க. அந்தத் தொட்டியைப் பாருங்க. அதைப் பார்க்காம மருந்து குடுத்தா மறுபடியும் வரும்.”

ஆட்டோவில் அவள் என் பிள்ளையை மடியில் வைத்துக்கொண்டு வந்தாள். “எம்பிள்ளையாலதான் போல எக்கா” என்று மெல்லச் சொன்னாள். இல்லை என்று நான் சொல்லியிருக்கலாம். டாக்டரம்மா அப்படிச் சொல்லவில்லையே என்று நினைவுபடுத்தியிருக்கலாம். நான் வெளியே பார்த்துக்கொண்டு வந்தேன்.

ஞாயிற்றுக்கிழமை கடை லீவு. கொத்தனார் ஒருவரை வரச்சொல்லித் தொட்டியை இறைத்தோம். அவர் உள்ளே இறங்கி நாலு சுவரையும் தட்டிப் பார்த்தார். ஒரு பக்கச் சுவரில் கீழே ஈரம் துளிர்த்துக்கொண்டிருந்தது.

“மழ பெஞ்ச மண்ணு அண்ணாச்சி. ஈரம் இருக்கத்தான் செய்யும். வெள்ள சிமெண்ட அடிச்சு விட்டுருவோம்” என்றார் என் வீட்டுக்காரரிடம்.

அந்தச் சுவருக்கு அந்தப் பக்கம்தான் கழிவறைக் குழாய்கள் போகின்றன. மாடியில் இருந்து ஒன்று, எங்களுடையது ஒன்று, இரண்டும் பக்கவாட்டில் இறங்கிப் பின்னால் இருக்கிற செப்டிக் டேங்குக்குப் போகும். வெறும் மண் ஈரம்தானா என்று எப்படித் தெரிந்துகொள்வது? கொல்லையில் வாளியில் வெள்ளை வேட்டிகள் ஊறிக்கொண்டிருந்தன. அப்போதுதான் எனக்கு அது தோன்றியது. சொட்டு நீலம் பாட்டிலை எடுத்துக்கொண்டு வந்தேன்.

“இத ஒரு பாத்ரூம்ல ஊத்தித் தண்ணி விடுவோம். சுவர்ல நீலமா வந்தா அந்தக் குழாதான் ஒழுகுதுன்னு அர்த்தம்.”

கொத்தனார் சிரித்தார். என் வீட்டுக்காரர், “செஞ்சுதான் பாக்கட்டுமே” என்றார்.

நான் நேரே மாடிக்குப் போனேன். நம் வீட்டில் ஆரம்பிப்போம் என்று எனக்குத் தோன்றவில்லை. அவள் கதவைத் திறந்துவிட்டாள். பாதி பாட்டிலைக் கவிழ்த்தேன். அவள் வாளி வாளியாகத் தண்ணீர் ஊற்றினாள். கீழே ஓடி வந்து தொட்டிக்குள் எட்டிப் பார்த்துக்கொண்டு நின்றேன். நீலம் வரும் என்று அத்தனை ஆசையாக நின்றேன். கொத்தனார் டீ குடித்துவிட்டு வந்தார், ஒரு பீடியும் முடிந்தது. சுவர் அதே ஈரத்தோடுதான் இருந்தது.

படியில் உட்கார்ந்து பார்த்துக்கொண்டிருந்த அவள், “கீழயும் ஊத்திப் பாருங்களேன் எக்கா” என்றாள்.

மிச்சத்தை எங்கள் கழிவறையில் ஊற்றினேன். இந்தத் தடவை காத்திருக்கவே தேவைப்படவில்லை. நான் முற்றத்துக்கு வருவதற்குள் கொத்தனார், “ஏய், இங்கன வாங்க, இங்கன வாங்க” என்று கத்தினார். தொட்டிச் சுவரில் அடியோரத்தில் ஒரு நீலக் கோடு இறங்கிக்கொண்டிருந்தது. முதலில் நூல் மாதிரி, பிறகு விரல் அகலத்துக்கு.

எங்கள் குழாய். வெள்ளத்தில் மண் உள்வாங்கி இணைப்பு விட்டிருக்கிறது. எங்கள் கழிவறைத் தண்ணீர் இத்தனை மாதமாகத் தொட்டியில் கசிந்து, மாடிக்கு ஏறி, அவள் பாத்திரத்திலும் அவள் பிள்ளையின் பல் துலக்குகிற டம்ளரிலும் விழுந்திருக்கிறது. என் பிள்ளை மருந்துக்கடை மருந்து சாப்பிட்டும் திரும்பத் திரும்பப் படுத்தது எதனால் என்று அப்போது புரிந்தது. அவனிடம் இருந்து வெளியே போனதே அவனுக்குத் திரும்பி வந்துகொண்டிருந்திருக்கிறது.

அவள் எழுந்து வந்து தொட்டிக்குள் எட்டிப் பார்த்தாள். ஆட்டோவில் அவள் அழுததும், நான் பேசாமல் வந்ததும் எனக்கு ஞாபகம் வந்தது. இப்போது அவள் ஏதாவது சொல்லப்போகிறாள் என்று காத்திருந்தேன். ஒரு வார்த்தை சொன்னால் பதிலுக்கு ஒன்பது வார்த்தை என்னிடம் தயாராக இருந்தது.

“நல்லவேள, கண்டுபிடிச்சிட்டிய. இல்லன்னா இன்னும் எத்தன நாளு இதையே குடிச்சிருப்போம்? எனக்கு இந்த நீலம் ஐடியா வந்திருக்கவே செய்யாது எக்கா” என்றாள்.

அவள் குத்திப் பேசவில்லை. நிஜமாகவே மெச்சினாள். அதுதான் எனக்குத் தாங்கவில்லை. அவள் இடத்தில் நான் இருந்திருந்தால், அந்தத் தெரு முழுக்கக் கேட்கிற மாதிரிப் பேசியிருப்பேன். இவளுக்கு இது எங்கிருந்து வருகிறது? உடம்பு, படிப்பு, கைப்பக்குவம் போகட்டும். விட்டுவிடத் தெரிகிறதே, அது எனக்கு ஏன் வரமாட்டேன் என்கிறது? அன்றைக்கு அவள் மேல் பட்ட பொறாமை அதுவரை பட்டதிலேயே பெரியது. குளியலறைக்குள் போய்த் தாழ்ப்பாள் போட்டுக்கொண்டு அழுதேன். வெளியே வந்து, “ஒம் பிள்ளையால இல்லளா. எங்க குழாதான்” என்று அவளிடம் சொன்னேன். “யாரால இருந்தா என்ன, விடுங்க” என்றாள்.

பழைய குழாயைத் தோண்டி எடுத்துவிட்டு, தொட்டியை விட்டு விலக்கி, சுற்றுச்சுவரை ஒட்டிப் புதுக்குழாய் போட்டோம். தொட்டியைத் தேய்த்துக் கழுவி, சுவரைப் பூசி, வாயைத் தெருமட்டத்துக்கு மேல் உயர்த்திக் கட்டினோம். மொட்டைமாடித் தொட்டியையும் காலி செய்து கழுவினோம். இரண்டு வீட்டிலும் ஒரே நாளில் மருந்தை ஆரம்பித்தோம். பயங்கரக் கசப்பு. என் பிள்ளை ஒரே மடக்கில் குடித்துவிட்டு நாக்கை நீட்டினான். மாடியில் இருந்தவன் வீட்டைச் சுற்றி ஓடினான். அவனை நானும் அவளுமாகப் பிடித்து ஊற்றினோம். அன்று முதல் பல் தேய்க்கவும் காய் கழுவவும் கொதிக்கவைத்து ஆறின தண்ணீர்தான். பெரிய பாத்திரத்தில் ஒரு நாள் நான் வைப்பேன், மறுநாள் அவள் வைப்பாள்.

தெருவில் இன்னும் பல வீட்டில் தொட்டி மூழ்கியிருந்தது. வயிற்று வலிப் பிள்ளைகள் வேறு இரண்டு மூன்று வீட்டிலும் இருந்தார்கள். நான் அந்த வீடுகளுக்கெல்லாம் சொட்டு நீலம் பாட்டிலோடு போனேன். “மாடி மிஸ்ஸோட அக்கா வந்திருக்கு” என்றுதான் உள்ளே குரல் கொடுத்தார்கள். இருந்தாலும் நான் சொன்னதைக் கேட்டார்கள். ஒரு வீட்டில் எங்களுக்கு வந்த மாதிரியே தொட்டிச் சுவரில் நீலம் வந்தது.

மருந்து முடிந்து சில வாரத்தில் என் பிள்ளை தட்டை நீட்டி இன்னும் சோறு கேட்டான். அந்த நாற்றம் போய்விட்டது. வயிறு உள்வாங்கியது. பாலை டாக்டரம்மா சொன்ன பிறகு கொஞ்சம் கொஞ்சமாகத் திரும்ப ஆரம்பித்தேன். மறுபடி டெஸ்ட் எடுத்ததில் இரண்டு பேருக்கும் ஒன்றும் இல்லை. எடை மேடையில் முள் நகர்ந்ததைப் பார்த்து நான் கையெடுத்துக் கும்பிட்டேன். டாக்டரம்மா சிரித்தார். அடுத்தபடியாக மாடிப் பிள்ளை ஏறி நின்றான். அவன் முள் இன்னும் அதிகமாக நகர்ந்தது. என் கண் தானாக அங்கேதான் போனது.

போன மாசம் அவர்கள் எட்டயபுரம் ரோட்டுப் பக்கம் மனை வாங்கினார்கள். தனி வீடு, மேடான இடம். கேள்விப்பட்ட அன்று எனக்கு வழக்கம்போலத் தூக்கம் பிடிக்கவில்லை. மறுநாள் காலையில் அவள் ஸ்கூட்டரை எடுத்து வைத்துக்கொண்டு கீழே நின்று கூப்பிட்டாள்.

“எக்கா, கொஞ்சம் கிளம்பி வாரியளா? கொத்தனார் அங்கன நிக்காரு. தண்ணித்தொட்டி எங்கன, செப்டிக் டேங்க் எங்கன, எவ்வளவு தூரம்னு நீங்கதான் காட்டணும். உங்க கொழுந்தனுக்கும் எனக்கும் ஒண்ணும் தெரியாது.”

சேலையை மாற்றிக்கொண்டு பின்னால் ஏறி உட்கார்ந்தேன். மனையில் சுண்ணாம்புக் கோடு போட்டு வைத்திருந்தார்கள். அடுக்களை, ஹால், பிள்ளைக்குத் தனி அறை. நான் ஒவ்வொன்றாக நடந்து பார்த்தேன். எங்கள் வீட்டைவிடப் பெரியது. கொத்தனார் தண்ணீர்த் தொட்டிக்கும் செப்டிக் டேங்குக்கும் பக்கத்துப் பக்கத்தில் கம்பு நட்டு வைத்திருந்தார், தோண்டுகிற வேலை மிச்சம் என்று.

ஒரு கம்பைப் பிடுங்கினேன். மனையின் பின்கோடிவரை நடந்துபோய், பள்ளமான மூலையில் அதை ஊன்றி, காலால் மண்ணைத் தள்ளி மிதித்தேன்.

“செப்டிக் டேங்க் இங்கன” என்றேன்.